எரிந்தால் மட்டும் ஓடும் மணிக்கூடு

எதைக் கண்டாலும் அவர் ஒரே கேள்வியைத்தான் கேட்பார். "உது எவ்வளவு குடிக்கும்?"

கோயில் வாசலில் யாராவது புதிதாக வாங்கிய வான் வண்டியைக் காட்டினால் நிறத்தைப் பற்றியோ இருக்கைகளைப் பற்றியோ ஒரு வார்த்தை பேசமாட்டார். பின்பக்கம் போய்க் குனிந்து புகைக்குழாயைப் பார்ப்பார். பிறகு நிமிர்ந்து அந்தக் கேள்வியைக் கேட்பார். சொந்தக்காரருக்குப் பதில் தெரியாவிட்டால் அவர் முகத்தில் ஒரு இரக்கம் வரும். தன் பிள்ளை எத்தனையாம் வகுப்பில் படிக்கிறது என்று தெரியாத தகப்பனைப் பார்க்கிற பார்வை.

அவருடைய பெயரை இங்கே எழுதப்போவதில்லை. அவர் மகள் பிக்கரிங்கில் இருக்கிறாள், பேரப்பிள்ளைகள் தமிழ் வாசிப்பார்களோ இல்லையோ, யாராவது வாசித்துச் சொல்லக்கூடும். நானும் மனைவியும் அவரை அண்ணை என்று கூப்பிட்டோம். அவர் இல்லாத இடத்தில் கப்பல்காரர் என்றோம். 1992 ஒக்ரோபரிலிருந்து 1994 ஏப்ரல் வரை ரொறன்ரோவின் அஜின்கோர்ட் பகுதியில் அவருடைய வீட்டின் நிலக்கீழ்த் தளத்தில், பேஸ்மென்றில், குடியிருந்தோம்.

கப்பல்காரர் என்பது பட்டப்பெயர் அல்ல. வடமராட்சியில் பிறந்து இருபது வயதில் சரக்குக் கப்பலில் ஏறியவர். பதினெட்டு வருடங்கள் இயந்திர அறையில் இருந்தார். எண்ணெய்த் தாங்கிக்குள் அளவுநாடா இறக்கி, எவ்வளவு இருக்கிறது, எவ்வளவு போயிற்று என்று ஒவ்வொரு முறைக் காவலுக்கும் எழுதிக் கொடுப்பது அவருடைய வேலைகளில் ஒன்று. ஒருமுறை அவருக்கு முன் காவலில் நின்றவன் நாடாவைச் சரியாகப் பார்க்காமல் முந்திய எண்ணையே எழுதிவிட்டான். இந்து சமுத்திரத்தின் நடுவில் எண்ணெய் தீர்ந்து இயந்திரம் நின்றுபோனது. இன்னொரு கப்பல் வந்து கட்டி இழுக்கும்வரை அலைந்துகொண்டு கிடந்தார்கள்.

"அந்தச் சத்தம் நிண்ட உடனை ஒரு அமைதி வரும் பாரும் தம்பி," என்றார் ஒருநாள். "அப்பிடி ஒரு அமைதியை நான் செத்த வீட்டிலையும் கேக்கேல்லை."

அவரைப் பற்றி எனக்குள்ள கசப்பையெல்லாம் எழுதப்போகிறேன். ஆனால் இந்த ஒன்றைச் சொல்லாமல் எழுதினால் நியாயமில்லை. கடலோடிகளின் பழைய பயணக் குறிப்புகளை நான் விரும்பி வாசிப்பவன். அவற்றில் புயலை விட அசைவில்லாத கடலுக்குத்தான் ஆட்கள் கூடப் பயந்திருக்கிறார்கள். அந்தப் பயத்தை நேரில் பட்ட ஒருவரோடு ஒரே கூரையின் கீழ் இருக்கக் கிடைத்ததை முதலில் ஒரு பேறாகவே நினைத்தேன்.

1993 மே மாதம் பிக்கரிங்கில் மகளுடைய புதுவீடு குடிபூரலுக்கு எங்களையும் கூட்டிக்கொண்டு போனார். பால் பொங்கியதும் பெண்கள் சமையலறையைப் பார்த்தார்கள். ஆண்கள் பின்வளவைப் பார்த்தார்கள். இவர் நேரே கீழே இறங்கி ஃபேர்னஸ் முன்னால் போய் நின்றார். வீட்டைச் சூடாக்கும் அந்தத் தகரப் பெட்டியின் பக்கத்தில் ஒட்டியிருந்த தகட்டைக் கைவிளக்கு அடித்து வாசித்தார். மேலே வந்தவர், சாப்பாட்டுக்கு இலை போட்டுக்கொண்டிருந்த நேரத்தில் சம்பந்தி வீட்டாருக்கு முன்னால் சொன்னார்:

"வீடு நல்ல வீடு. ஆனா குடிகாரி. மேலை உந்த உயரத்துக்குக் கூரை வைச்சது ஆருக்கு? பல்லிக்கோ? சூடெல்லாம் அங்கைதான் போய்க் குந்தும்."

மருமகனின் முகம் சுருங்கியது. மருமகனின் தமையன் சமாளித்தார்.

"அங்கிள், வந்த ஆக்களையும் ஒருக்கால் கணக்குப் பாருங்கோ. நாங்களும் கொஞ்சம் குடிக்கிற ஆக்கள்தான்."

எல்லோரும் சிரித்தார்கள். அவரும் சிரித்தார். ஆனால் மனிதரையும் அவர் கணக்குப் பார்ப்பார் என்பது அங்கே எனக்கும் மனைவிக்கும் மட்டும்தான் தெரிந்திருந்தது. நாங்கள் குடிவந்த முதல் வாரத்தில் அவர் சொல்லியிருந்தார்: "ஒரு மனிசன் சும்மா இருந்தாலே நூறு வாட் பல்ப் எரியிற சூடு தருவான். நீங்கள் ரெண்டு பேர். கீழை ரெண்டு பல்ப் இரவு பகலாய் எரியுது எண்டு வையுங்கோ." அதைப் பாராட்டாகவே சொன்னார்.

அவருடைய வீட்டில் ஃபேர்னஸ் எங்கள் சமையல் மூலைக்குப் பக்கத்தில், ஒரு மெல்லிய கதவுக்குப் பின்னால் இருந்தது. அது எவ்வளவு குடிக்கிறது என்று கண்டுபிடிப்பது லேசான காரியமல்ல. காஸ் மீற்றர் முழு வீட்டுக்கும் ஒன்றுதான். சுடுதண்ணீர்த் தாங்கியும் சமையல் அடுப்பும் அதிலேயே ஓடின. மீற்றரைப் பார்த்தால் வீடு குடித்தது தெரியும், எது குடித்தது என்று தெரியாது.

அவர் அதற்கு ஒரு வழி கண்டுபிடித்தார். அந்தக் காலத்து ஃபேர்னஸ் எரிந்தால் முழுதாக எரியும், இல்லாவிட்டால் அணைந்து கிடக்கும். குறைத்து எரிக்க வழியில்லை. ஆகவே ஒரு மணித்தியாலத்துக்கு எவ்வளவு குடிக்கும் என்று ஒருதரம் அளந்துவிட்டால், பிறகு எவ்வளவு நேரம் எரிந்தது என்று தெரிந்தாலே போதும். பெருக்கிவிடலாம்.

அளந்த நாளில் நானும் இருந்தேன். 1992 நவம்பர், ஒரு சனிக்கிழமை, பனியும் மழையும் கலந்து கொட்டிக்கொண்டிருந்தது. சுடுதண்ணீர்த் தாங்கியையும் அடுப்பையும் பூட்டினார். என்னை வெளியே மீற்றருக்கு முன்னால் நிறுத்தினார். மீற்றரில் சின்ன முள் ஒன்று உண்டு. அது ஒரு வட்டம் சுற்றி முடிந்ததும் நான் யன்னலில் தட்டவேண்டும். உள்ளே அவர் கைக்கடிகாரத்தோடு நின்றார்.

"தம்பி, கண்ணை எடுத்துப்போடாதையும்."

"கண்ணுக்கை தண்ணி போகுது அண்ணை."

"போனாப் போகுது. முள்ளைப் பாரும்."

நான் தட்டினேன். மறுபடி ஒருதரம், மறுபடி ஒருதரம். மூன்றுதரமும் ஒரே அளவு வந்தபோது யன்னலுக்குள் தெரிந்த அந்த முகத்தில் இருந்த மகிழ்ச்சியை நான் வேறு யாரிடமும் கண்டதில்லை.

அடுத்த வாரம் பழைய மின்மணிக்கூடு ஒன்றைக் கொண்டுவந்து ஃபேர்னஸ் அறைச் சுவரில் பொருத்தினார். நெருப்பு எரியும்போது மட்டும் அதற்கு மின்சாரம் போகும்படி கம்பி இழுத்திருந்தார். நெருப்பு நின்றால் மணிக்கூடும் நிற்கும். காலையில் ஒருதரமும் மாலையில் ஒருதரமும் வந்து பார்த்துக் குறித்துக்கொண்டு முள்ளைப் பன்னிரண்டுக்குத் திருப்பிவிடுவார். எங்கள் சமையல் மூலைக்குள்ளால்தான் வரவேண்டும். கதவில் தட்டும் பழக்கம் அவரிடம் இருக்கவில்லை. மனைவி தலைமுழுகிவிட்டு வந்து நிற்பாள், இவர் "பிள்ளை, ஒண்டுமில்லை, மணிக்கூடு" என்று சொல்லிக்கொண்டு கடந்து போவார். ஒருபோதும் அவளை ஏறிட்டுப் பார்த்ததில்லை. உண்மையாகவே மணிக்கூட்டைத்தான் பார்க்க வந்தார். அவள் எனக்குச் சொன்னாள்: "ஒரு நாளைக்காவது என்னைப் பாத்து வெக்கப்பட்டாரெண்டால் எனக்கு மனம் ஆறும். நான் உங்கை ஒரு ஆளாய் இல்லை."

முதல் குளிர்காலம் இப்படிப் போனது. வீடு சூடாகவே இருந்தது. அதையும் எழுதவேண்டும்.

1993 டிசம்பரில் எங்களுக்கு மகள் பிறந்தாள். விடியப்புறம் வலி தொடங்கியபோது அவர்தான் எங்களை ஆசுபத்திரிக்குக் கொண்டுபோனார். மனைவி மெல்ல மெல்லப் படியேறி வருவதற்குள் காரின் இயந்திரத்தை இரண்டுதரம் நிறுத்தினார். "சும்மா நிண்டு குடிக்குது" என்றார். ஆனால் ஆசுபத்திரியில் நான் கேட்காமலே பிற்பகல்வரை இருந்தார். பிள்ளையைக் கண்டதும் அதன் உள்ளங்காலைத் தொட்டுப் பார்த்துவிட்டுச் சொன்னார்: "இருபது வாட் தேறும்."

நாங்கள் சிரித்தோம்.

அந்த ஜனவரி ரொறன்ரோவில் இருந்த எவருக்கும் மறந்திருக்காது. தெருவில் மூச்சு மூக்கிலேயே உறைந்தது. அப்படியான ஜனவரியில் எங்கள் பேஸ்மென்ற் குளிரத் தொடங்கியது. எங்கள் படுக்கை அறையில் சூட்டுக்காற்று வருவதற்குக் கூரையில் ஒரு வென்ற் மட்டும் இருந்தது. அதன் நேர்கீழே தொட்டிலைப் போட்டோம். அங்கேயும் காற்று எப்போதாவதுதான் வந்தது. வந்து சூடேறுவதற்குள் நின்றுவிடும். பிள்ளைக்கு இரண்டு சட்டை, அதன்மேல் கம்பளித் துணி, தலைக்குத் தொப்பி. கை மட்டும் ஐஸ்கட்டி மாதிரி இருக்கும்.

மேலே போய்ச் சொன்னேன். அவரும் கம்பளித் தொப்பியோடுதான் இருந்தார். அறைகளுக்கு நடுவில் போகும் நடையில் இருந்த தெர்மோஸ்ராற்றை, வீட்டின் சூட்டைப் பார்த்து ஃபேர்னஸை எரியவிட்டு நிறுத்தும் சின்னப் பெட்டியைச் சுட்டிக் காட்டினார். முள் எழுபத்திரண்டு பாகை ஃபாரன்ஹீட்டில் நின்றது.

"எழுபத்திரண்டு, தம்பி. கணக்குப்படி உங்களுக்குக் குளிராது."

"குளிருது அண்ணை."

"அது மனம். ஊரிலை இருந்து வந்தாக்களுக்கு வெளியிலை பனியைக் கண்டாலே குளிரும். யன்னல் சீலையை இழுத்து மூடிவிடும்."

அதோடு இன்னொன்றும் சொன்னார், பெருமையோடு. போன ஜனவரியை விட இந்த ஜனவரி எவ்வளவோ குளிர். ஆனால் மணிக்கூடு போன வருடத்தை விடக் குறைவாகத்தான் ஓடியிருக்கிறது. யன்னல்களுக்குத் தான் ஒட்டிய பிளாஸ்ரிக் தாள்தான் காரணம் என்றார். அவர் வேலையிடத்தில் போய்ச் சொல்ல, ரெக்ஸ்டேலிலிருந்து இரண்டு வீட்டுக்காரர்கள் ஞாயிற்றுக்கிழமை வந்து பார்த்துவிட்டுப் போனார்கள். எங்கள் சமையல் மூலையில் சப்பாத்துக் காலோடு நின்று அந்த மணிக்கூட்டைப் பார்த்தார்கள். மனைவி பிள்ளையைச் சேலைத்தலைப்புக்குள் வைத்து மூடிக்கொண்டு அடுப்பு மூட்டிய இடத்தில் நின்றாள். சமைக்க அல்ல, சூட்டுக்கு.

காரணத்தைக் கண்டுபிடித்தவள் அவள்தான். அதைச் சொல்லுமுன் மேலே இருந்த அக்காவைப் பற்றிச் சொல்லவேண்டும்.

அக்கா என்றது அவருடைய மனைவியை. மெலிந்த, அதிகம் பேசாத மனிசி. இவர்களுக்கு ஒரு மகனும் உண்டு. ஊரில் நின்றவன். 1993 நவம்பரில் வெளிநாட்டுக்கு ஆள் அனுப்பும் ஏஜென்ற் ஒருவன் மூலம் கொழும்பிலிருந்து புறப்பட்டான். ஏதோ ஒரு நாட்டில் ஒரு அறையில் பத்துப் பன்னிரண்டு பேரோடு அடைபட்டுக்கிடந்தான். எப்போது விமானம் ஏற்றுவார்கள் என்று தெரியாது. அவன் இங்கே வந்து இறங்கும்வரை விளக்கு அணையாமல் வைத்திருப்பதாக அக்கா முருகனுக்கு நேர்த்தி வைத்தா. எண்ணெய் தானாக ஊறி எரியும் சின்னத் தூண்டாமணி விளக்கு. அந்த வீட்டில் சாமிப்படம் வைக்க ஏற்ற சுவர் நடையில்தான் இருந்தது. மற்றச் சுவர்களுக்குப் பின்னால் குளியலறையோ கழிவறையோ வரும். படங்களை அங்கே மாட்டி விளக்கையும் அங்கேயே தொங்கவிட்டா. ஏற்கெனவே அடித்திருந்த ஒரு ஆணியில்.

தெர்மோஸ்ராற்றுக்கு ஒரு சாண் கீழே.

மனைவி ஒருநாள் பகலில் மேலே போனாள். அக்கா இரண்டு சுவெற்றரும் அதன்மேல் சால்வையும் போட்டுக்கொண்டு தேங்காய் துருவிக்கொண்டிருந்தா. நடையில் இவள் நின்று தெர்மோஸ்ராற்றைப் பார்த்தாள், விளக்கைப் பார்த்தாள், கையை இரண்டுக்கும் நடுவில் நீட்டினாள். இறங்கி வந்து எனக்குச் சொன்னாள்: "உந்தப் பெட்டி வீட்டைப் பாத்துச் சூடு சொல்லேல்லை. விளக்கைப் பாத்துச் சொல்லுது."

வெப்பநிலையை உணரும் பெட்டி விளக்கின் சூட்டில் நனைந்துகொண்டு, வீடு போதுமான சூட்டில் இருக்கிறது என்று ஃபேர்னஸுக்குச் சொல்லிக்கொண்டிருந்தது. ஃபேர்னஸ் சும்மா கிடந்தது. மணிக்கூடு நின்றது. அவர் பிளாஸ்ரிக் தாளுக்கு நன்றி சொல்லிக்கொண்டிருந்தார்.

அன்று மாலை நான் அவருக்குச் சொன்னேன். ஒரு வார்த்தை மறுக்கவில்லை. இயந்திர அறையில் வளர்ந்த மனிதர், பார்த்தவுடன் விளங்கிவிட்டது. உள்ளங்கையை விளக்குக்கும் பெட்டிக்கும் நடுவில் மறைப்பாகப் பிடித்தார். கொஞ்ச நேரம் அப்படியே நின்றார். முள் இறங்கியது. கீழே ஃபேர்னஸ் பற்றிக்கொள்ளும் சத்தம் கேட்டது. அவர் என்னைத் திரும்பிப் பார்த்துச் சிரித்தார், இரண்டு பேருமாகச் சேர்ந்து ஒன்றைப் பிடித்துவிட்டோம் என்கிற சிரிப்பு. பிறகு கையை எடுத்தார். முள் ஏறியது. சத்தம் நின்றது.

விளக்கை அன்றைக்கே வேறிடத்துக்கு மாற்றிவிடுவார் என்று நம்பிக் கீழே வந்தேன்.

இரண்டு நாள் போயும் ஒன்றும் மாறவில்லை. மறுபடி மேலே போனேன். விளக்கு அதே ஆணியில் எரிந்துகொண்டிருந்தது. அவர் போத்திலிலிருந்து அதற்கு நல்லெண்ணெய் விட்டுக்கொண்டிருந்தார். சாமிப்படத்துக்கு முன்னால் அவரை நான் அதுவரை கண்டதில்லை.

"அண்ணை, விளக்கை மாத்தேல்லையோ?"

"நேர்த்தி விளக்கு, தம்பி. வைச்ச இடத்தை விட்டு அசைக்கக்கூடாது."

"உங்களுக்கு எப்பவிருந்து நேர்த்தியிலை நம்பிக்கை?"

"எனக்கில்லை," என்றார் சாதாரணமாக. "அவவுக்கு இருக்கு."

"பிள்ளைக்குச் சளி பிடிச்சிருக்கு அண்ணை."

"சின்ன விளக்கு. நாளைக்கு ரெண்டு மேசைக்கரண்டி குடிக்குது. அது மிச்சம் பிடிக்கிறது எவ்வளவு தெரியுமோ உமக்கு? கப்பலிலை உப்பிடி ஒரு சாமானைக் கண்டுபிடிச்சிருந்தா எங்கடை சீஃப் எஞ்சினியர் என்னைத் தூக்கித் தோளிலை வைச்சிருப்பான்."

விளக்கை அசைத்தால் மகன் வரும் வழியில் ஏதாவது ஆகிவிடும் என்று அவர்தான் அக்காவிடம் சொல்லியிருக்கிறார். அக்காவுக்கு முதலில் அப்படி ஒரு எண்ணமே இருக்கவில்லை. இதை அக்கா என் மனைவியிடம் பிறகு சொன்னா. தான் நம்பாத ஒன்றை எடுத்து, நம்புகிற மனிசியின் கழுத்தில் கட்டிவிட்டார். அவர் செய்த கொடுமைகளில் இதைத்தான் நான் பெரிதாக நினைக்கிறேன். அது கொடுமை என்று அவருக்குத் தெரிந்திருந்தது என்றுகூட என்னால் சொல்லமுடியாது. கப்பல் நடுக்கடலில் நிற்காமல் இருக்க என்னென்ன செய்யவேண்டுமோ அதைச் செய்தார். கப்பலுக்குள் ஆட்கள் இருப்பது மட்டும் கணக்கில் வரவில்லை.

நான் மின்சார ஹீற்றர் ஒன்று வாங்கிவந்தேன். மறுநாள் காலை மணிக்கூடு பார்க்க வந்தவர் அதைக் கண்டார். "உது காஸை விடக் கூடக் குடிக்கும்" என்று சொல்லிவிட்டுப் போனார். மாலையில் எங்கள் அறைச் சுவர்ச் செருகுதுளையில் மின்சாரம் இல்லை. பியூஸைக் கழற்றிக் கொண்டுபோய்விட்டார்.

போய்விடலாமே என்று கேட்பீர்கள். போக இடம் தேடினோம். தொலைபேசியில் எல்லாம் சரியாகப் பேசி முடித்து, கடைசியில் "குழந்தை இருக்கோ?" என்று கேட்டுவிட்டு வைத்தார்கள். நகரசபைக்கு முறையிட்டால் அனுமதியில்லாத குடியிருப்பு என்று பேஸ்மென்றைப் பூட்டுவார்கள், நாங்கள்தான் தெருவில் நிற்போம். எங்கள் அகதி வழக்கும் முடிந்திருக்கவில்லை. எந்த அரசாங்கக் கதவையும் தட்டப் பயந்த காலம்.

ஜனவரி கடைசியில் பிள்ளைக்கு மூச்சு இழுக்கத் தொடங்கியது. அவசர சிகிச்சைப் பிரிவில் தாதி கேட்டா, வீட்டில் பிள்ளை படுக்கும் அறை எவ்வளவு சூடு என்று. நான் எழுபத்திரண்டு என்றேன். அவ பிள்ளையின் கைகளைத் தொட்டுப் பார்த்துவிட்டு என்னைப் பார்த்தா. மருந்து தந்து, அறையைச் சூடாக வைத்திருங்கள், இல்லாவிட்டால் அடுத்தமுறை இங்கே மறித்து வைத்திருக்க வேண்டிவரும் என்று சொல்லி அனுப்பினார்கள்.

அதற்குச் சில நாள் கழித்து, அவர் வேலைக்குப் போயிருந்த ஒரு பிற்பகல், அக்கா கீழே வந்தா. தட்டிவிட்டு வந்தா. பிள்ளையை வாங்கி மடியில் வைத்துக்கொண்டு அதன் நெஞ்சு குழி விழுந்து எழும்புவதைப் பார்த்தா. நானும் மனைவியும் ஒன்றும் கேட்கவில்லை. கேட்கக் கூசியது. எங்கள் பிள்ளைக்காக அவவுடைய பிள்ளையை எடுத்துத் தராசில் வை என்று எப்படிக் கேட்பது?

"காலும் குளிருது" என்று மட்டும் சொன்னா. பிள்ளையைத் திருப்பித் தந்துவிட்டு மேலே போனா.

கொஞ்ச நேரத்தில் ஃபேர்னஸ் பற்றியது. நிற்கும் நிற்கும் என்று பார்த்தோம். நிற்கவில்லை. வென்ற்றால் வந்த காற்று முதலில் வெதுவெதுப்பாகி, பிறகு சுடத் தொடங்கியது. மனைவி மேலே ஓடினாள். நடைச் சுவரில் வெறும் ஆணி. அக்கா தன் படுக்கையறை மூலையில் ஒரு முக்காலியின் மேல் விளக்கை வைத்து அதற்கு முன்னால் நிலத்தில் இருந்தா.

"அணைக்கேல்லைப் பிள்ளை. இடம்தான் மாத்தினனான். முருகன் வீட்டுக்குள்ளை தேடிப் பிடிக்கமாட்டாரே?"

அவர் வேலையால் வந்தார். மணிக்கூட்டைப் பார்க்கக் கீழே இறங்கினார். வழக்கத்தை விட நேரம் நின்றார். மேலே போனார். அக்கா படுக்கையறை வாசலை மறித்து நின்றாவாம். ஒருதரம் அசைத்ததே பிழை, இன்னொருதரம் அசைக்க விடமாட்டேன் என்றாவாம். அவர் கட்டிய முடிச்சு அவரையே கட்டிவிட்டது. அவவை அவர் ஒன்றும் சொல்லவில்லை. எங்களோடும் பேசவில்லை. காலையும் மாலையும் வந்து மணிக்கூட்டைப் பார்த்துவிட்டுப் போனார். பிள்ளை தேறத் தொடங்கினாள்.

ஒரு கிழமைக்குள் கொழும்பிலிருந்து தொலைபேசி வந்தது. விமான நிலையத்தில் மகனைப் பிடித்துத் திருப்பி அனுப்பிவிட்டார்கள். கொழும்பில் இறங்கியதும் உள்ளே போட்டுவிட்டார்கள்.

வாசிக்கிறவர்கள் பயப்படாமல் இருக்க ஒன்றை முந்திச் சொல்லிவிடுகிறேன். அவன் அந்த வருடமே வெளியே வந்தான். பிறகு லண்டனுக்குப் போய்ச் சேர்ந்தான். ரொறன்ரோவுக்கு வரவேயில்லை. 1998 கோடையில் கோயில் வாகனத் தரிப்பிடத்தில் அண்ணையைக் கடைசியாகக் கண்டேன். அக்கா மகளோடு பிக்கரிங்கில் இருப்பதாகச் சொன்னார். தான் மட்டும் பழைய வீட்டில். மேலே மூன்று அறையையும் பூட்டிவிட்டு ஒரு அறைக்குள் இருப்பதால் ஃபேர்னஸ் பாதிகூடக் குடிப்பதில்லை என்றார். அப்போதும் என்னுடைய வானின் பின்பக்கம் போய்க் குனிந்து பார்த்தார். நான் சாவியைத் திருப்பி இயந்திரத்தை நிறுத்திவிட்டேன்.

தொலைபேசி வந்ததற்கு அடுத்தநாள் மாலை, பெப்ரவரி, அவர் கீழே வந்தார். அன்று கதவில் தட்டினார். ஃபேர்னஸ் அறைப் பக்கம் போகாமல் எங்கள் மேசையில் வந்து இருந்தார். மனைவி தேத்தண்ணி வைத்தாள். அவர் தொடவில்லை.

"தம்பி, நீர் தேதியெல்லாம் நினைவு வைச்சிருக்கிற ஆள். உவ விளக்கை மாத்தினது எந்தத் தேதி?"

எனக்குத் தெரியும். மகன் பிடிபட்ட தேதியும் தெரியும், முதல்நாள் அக்கா அழுதுகொண்டு சொன்னதில் அது வந்தது. விளக்கு இடம் மாறியதற்கு அடுத்த நாள். இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் என்ன வரும் என்று எனக்கும் தெரிந்தது, அவருக்கும் தெரிந்திருந்தது. நான் மூன்று நாள் தள்ளி ஒரு தேதியைச் சொன்னேன். மகன் பிடிபட்ட பிறகுதான் விளக்கு மாறியது என்று வரும்படி. நான் சொன்ன எந்தத் தேதியையும் இத்தனை வருடத்தில் யாரும் பிழை என்றதில்லை.

அவர் தலையை ஆட்டினார். கோபமில்லை.

"உமக்குத் தேதி பிழைக்கிறேல்லையே, தம்பி."

நான் தேத்தண்ணியை அவர் பக்கம் நகர்த்தினேன்.

"ஃபேர்னஸ் எந்த நாள் கூடக் குடிக்கத் தொடங்கினது எண்டு எனக்கு மணிக்கூடு சொல்லிப்போட்டுது. நீரும் அதையே சொன்னா, அவ மறுத்துக் கதைக்கமாட்டா எண்டு பாத்தன். பறவாயில்லை. மணிக்கூடே காணும், வேறை சாட்சி தேவையில்லை."

எழும்பிப் படியேறினார். எங்களுக்குத் தலைக்கு மேலே அவர் நடந்து போகும் சத்தம். படுக்கையறைக் கதவு. பிறகு கூரை வென்ற்றால் அவருடைய குரல் இறங்கி வந்தது. சூட்டுக்காற்று வரும் தகரக்குழாய் அந்த அறைக்கும் எங்கள் அறைக்கும் ஒன்றுதான். கத்தவில்லை. எண்ணெய் அளவு வாசிப்பது மாதிரி, நாளையும் மணித்தியாலத்தையும் ஒன்றன்பின் ஒன்றாகச் சொன்னார். காஸ் கூடினது இந்த நாள். அவனைப் பிடிச்சது அடுத்த நாள். நீயே கணக்குப் பார். முடித்துவிட்டு மறுபடி முதலிலிருந்து தொடங்கினார். அக்காவின் சத்தம் ஒன்றும் வரவில்லை.

மனைவி கதிரையை இழுத்துப்போட்டு ஏறினாள். வென்ற்றை மூடும் தகடு ஒரு சின்னப் பிடியில் திரும்பும். அதில் கை வைத்தாள். கீழே தொட்டிலில் பிள்ளை தொப்பி இல்லாமல், இரண்டு கையையும் வெளியே விரித்துப் போட்டுக்கொண்டு, வாய் திறந்து, சத்தமில்லாமல் மூச்சு விட்டுக்கொண்டு நித்திரை.

அவள் கையை எடுத்துவிட்டு இறங்கினாள். நாங்கள் இருந்து கேட்டோம்.